நடையும் நெசவும்

1966-ல் ஸால் வொர்த், ஜான் அடேர் என்ற இரண்டு பேராசிரியர்கள் அமெரிக்காவில் அரிஸோனாவிலுள்ள பைன் ஸ்பிரிங்ஸுக்குப் போய், நவஹோ ஆதிகுடிகள் சிலருக்குச் சினிமாக் காமிராவை இயக்கக் கற்றுக்கொடுத்தார்கள். எதை எடுப்பது என்பதை மட்டும் அவர்களிடமே விட்டுவிட்டார்கள். ஊர்ப் பெரியவர் ஒருவர், படம் எடுப்பதனால் ஆடுகளுக்குக் கெடுதல் உண்டா என்று கேட்டாராம். இல்லை என்றதும், நன்மையாவது உண்டா என்றாராம். எங்கள் விமர்சகர்களில் எவரும் இவ்வளவு நல்ல கேள்வி கேட்டதாக எனக்கு ஞாபகமில்லை.

அந்தப் படங்களில் ஒன்று நெசவைப் பற்றியது. தாயார் நெய்வதை மகள் எடுத்திருக்கிறாள். தறி வருவதற்கு வெகு நேரமாகிறது. அதற்கு முன் ஆடு, கம்பளி மயிர், சாய வேர், அவற்றுக்காக நடக்கிற நடை. வெள்ளித் தட்டானைப் பற்றிய படத்திலும் இதே நடைதான். சினிமா பார்த்துப் பழகியவனுக்கு அலுப்புத் தட்டும், எனக்கும் தட்டியது. ஆனால் நெசவு தறியில் ஆரம்பிப்பதில்லை என்று அந்தப் பெண்ணுக்குத் தெரியும். வெளியாள் தறியில்தான் ஆரம்பித்திருப்பான்.

போலகத்துக்குக் கிழக்கே கடல். பட்டினச்சேரி மீனவர் குப்பம். 2004 டிசம்பர் 26-ந் தேதி சுனாமி வந்துபோன பிறகு இந்தக் கரை நெடுகிலும் காமிராக்கள் குவிந்தன. அவை எடுத்ததில் பொய்யில்லை. ஆனால் நான் பார்த்த படங்களில் பெண்கள் எல்லோரும் அழுதுகொண்டேயிருந்தார்கள். அதே பெண்கள் சில மாதங்களில் கூடையோடு விலை பேசி நின்றதற்குப் படம் இல்லை. யாரைக் குற்றம் சொல்ல? பத்திரிகையைப் பிரித்த நானும் அழுத முகத்தைத்தானே தேடினேன்!

நம்மவர்களில் எம். பழனிகுமாரைச் சொல்ல வேண்டும். 2017-ல் வந்த ‘கக்கூஸ்’ ஆவணப்படத்தின் ஒளிப்பதிவாளர். மலக்குழியில் செத்தவர்களின் குடும்பங்களைத் தொடர்ந்து படமெடுத்தவர். ஆயினும், மீன் விற்ற தம் தாயாரை அவர் எடுத்த படங்களே எனக்கு உசத்தியாகப் படுகின்றன. அவற்றில் இரக்கத்தைவிடப் பரிச்சயம் அதிகம். அம்மாவின் பாட்டைப் பார்த்து மகன் ஆச்சரியப்படவில்லை. அது அவருக்குத் தெரிந்த விஷயம்.

ஊர்க்காரன் என்பதாலேயே படம் நன்றாகிவிடாது. சொந்த ஊரைப் பற்றி அசட்டு நாவல் எழுதியவர்கள் உண்டு. நானும் ஒன்று எழுதியிருக்கிறேன். அதில் வருகிற மீன்காரி இரண்டு இடத்தில் வருகிறாள், இரண்டிலும் அழுகிறாள். பட்டினச்சேரிப் பெண் யாராவது காமிராவை எடுத்தால், விடியுமுன் கூடையோடு நடப்பதையே அரை மணி நேரம் எடுப்பாளோ என்னவோ. எடுத்தால் உட்கார்ந்து பார்க்க நான் தயார்.