வேலூர் வரலாறும் ‘வளர்ச்சி’ என்னும் சொல்லும்

திருச்சபை நிறுவனங்கள் பவளவிழாவோ நூற்றாண்டு விழாவோ காணும்போது மலர் ஒன்று வெளியிடுவது நம்மிடையே மரபாகிவிட்டது. பேராயர்களின் ஆசியுரைகளும் பழைய நிழற்படங்களும் முடிந்தபின் வரலாறு தொடங்கும். அந்த வரலாற்றுக்கென்று ஓர் அச்சும் உண்டு. சிறு தொடக்கம், விசுவாசத்தின் சோதனை, தக்க சமயத்தில் வந்த காணிக்கை, பின்னர் பெருக்கம். மருத்துவத் திருப்பணியைப் பொறுத்தவரை இந்த அச்சு வார்க்கப்பட்ட இடம் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி மருத்துவமனை எனலாம். 1900-இல் ஒரே படுக்கை. 1902-இல் நாற்பது படுக்கைகள் கொண்ட மேரி டேபர் ஷெல் நினைவு மருத்துவமனை. 1909-இல் தாதியர் பயிற்சி. 1918-இல் பெண்களுக்கான மருத்துவப் பள்ளி. 1961-இல் திறந்த இதய அறுவை. 1971-இல் சிறுநீரக மாற்று. 1986-இல் எலும்பு மஜ்ஜை மாற்று. இன்று படுக்கைகள் ஆயிரக்கணக்கில் உள்ளன. கடுகுவிதை உவமையைத் துணைக்கு அழைக்காத பேச்சாளரை விழாமேடைகளில் காண்பது அரிது.

இந்த வளர்ச்சி உண்மையானது. அதனால் பிழைத்தவர் எண்ணிக்கைக்கு அடங்கார். அதைக் குறைத்துரைப்பது நம் நோக்கமன்று. வரலாறு எழுதப்பட்டுள்ள முறை சரிதானா, அது எதை மறைக்கிறது என்பதே நம் ஆய்வு.

வேலூரைப் பற்றி மிகுதியும் வாசிக்கப்பட்ட நூல் டாரதி கிளார்க் வில்சன் 1959-இல் வெளியிட்ட ‘டாக்டர் ஐடா’. ஐடா ஸ்கடர் அம்மையார் மறைந்தது 1960-இல். ஆகவே அவர் உயிரோடிருக்கையிலேயே வெளிவந்த வாழ்க்கை வரலாறு இது. வில்சன் கதை சொல்வதில் வல்லவர். 1819-இல் அமெரிக்காவிலிருந்து கப்பலேறி இலங்கையில் பணியாற்றத் தொடங்கிய ஜான் ஸ்கடர், அவர்தம் மக்கள், ஆற்காட்டு மிஷன் என விரியும் பெருங்குடும்ப வரலாற்றைச் சலிப்பின்றி நடத்திச் செல்கிறார். நம் திருச்சபை மலர்களின் உலர்ந்த நடையில் பழகியவர்க்கு அந்நூல் ஒரு விருந்து.

நூலின் உயிர்நிலை திண்டிவனத்து இரவு. இளம்பெண்ணான ஐடா தாயின் நோயை முன்னிட்டு இந்தியா திரும்பியிருந்த காலம். ஒரே இரவில் மூவர் ஒருவர்பின் ஒருவராக வந்து கதவைத் தட்டுகின்றனர். ஒருவர் பிராமணர், ஒருவர் முஸ்லிம், மற்றவர் வேறொரு மேற்சாதி இந்து. மூவர் வீட்டிலும் இளம் மனைவி பிரசவ வேதனையில் இருக்கிறாள். மருத்துவரான ஐடாவின் தந்தை வருவதற்கு ஆயத்தமாக உள்ளார். ஆனால் ஆண் மருத்துவர் அப்பெண்களைப் பார்க்கலாகாது என மூவரும் மறுத்துத் திரும்புகின்றனர். விடிந்தபோது மூன்று பெண்களும் இறந்துவிட்டனர். ஐடா மருத்துவம் கற்கத் தீர்மானிக்கிறார். 1899-இல் கார்னெல் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்று, 1900-இல் மருத்துவராகத் திரும்புகிறார்.

நம் பிரசங்க மேடைகளில் சாமுவேலின் அழைப்புக்கு அடுத்தபடியாக மேற்கோள் காட்டப்படும் அழைப்பு இதுவாகத்தான் இருக்கும். ஆயினும் கதை எவ்வாறு நகர்கிறது என்பதைக் கவனித்தல் வேண்டும். மூன்று பெண்கள் மரிக்கின்றனர்; கதையின் கண்ணோ அவர்களை விட்டு ஐடாவின் உள்ளத்துக்குள் சென்றுவிடுகிறது. அவர்கள் பெயர் நமக்குத் தெரியாது. பிறந்த அல்லது பிறவாத குழந்தைகளின் கதியும் தெரியாது. மரணம் அழைப்பின் கருவியாகிவிடுகிறது. மற்றொன்றும் உண்டு. அன்று அக்கதவைத் தட்டியவர்கள் வெள்ளைக்காரத் துரையின் வீட்டு வாசலை அணுகும் துணிவும் நிலையும் உடையவர்கள். ஊருக்கு வெளியே சேரியில் அதே வேதனையோடு கிடந்த பெண்ணுக்காக எவரும் வந்து தட்டியதாகக் கதை சொல்லவில்லை. ஆற்காட்டுப் பகுதியின் திருச்சபை பெரும்பாலும் அச்சேரிகளிலிருந்தே எழுந்த திருச்சபை. அதன் தாய்மார்கள் தங்கள் மருத்துவமனையின் தோற்றக் கதைக்கு வெளியே நிற்பதைப் போதகர்களாகிய நாம் இத்தனை ஆண்டுகளாகக் கவனியாமற் போனது வியப்பே.

வில்சன் எழுதிய வேலூர் நூல்களில் நமக்கு மேலானதாகப் படுவது 1963-இல் வெளியான மேரி வர்கீஸ் அம்மையாரின் வரலாறு. 1954-இல் நேர்ந்த விபத்தில் இடுப்புக்குக் கீழ் உணர்விழந்த அக்கேரள மருத்துவர், சக்கர நாற்காலியில் அமர்ந்தவாறே தொழுநோயாளரின் கைகளை அறுவை செய்து சீராக்கியதை அந்நூல் கூறுகிறது. அங்கே நோயாளியும் மருத்துவரும் ஒருவரே. கொடுப்பவர், பெறுபவர் என்ற பிரிவினை தானாகவே உடைந்துபோகிறது.

‘வளர்ச்சி’ என்னும் சொல் எதை மறைக்கிறது என்பதற்கு 1942-ஐச் சூழ்ந்த ஆண்டுகள் நல்ல சான்று. வேலூர்ப் பள்ளி அதுவரை பட்டயப் படிப்பையே நடத்திவந்தது. முதல் வகுப்பில் 14 பெண்கள் 1922-இல் தேறினர். மருத்துவக் கல்வி பட்டப்படிப்பாகவே இருத்தல் வேண்டும் எனச் சென்னை மாகாண அரசு முடிவெடுத்தபோது, பள்ளி கல்லூரியாக உயராவிட்டால் மூடப்படும் என்ற நிலை உண்டாயிற்று. பெருந்தொகை தேவைப்பட்டது. 1941-இல், எழுபது வயதில், ஐடா அம்மையார் அமெரிக்கா சென்று ஊர் ஊராக நிதி கேட்டார். ஆண்களையும் சேர்த்துக்கொண்டால் பல மிஷன்களின் கூட்டுறவு கிட்டும் என்ற ஆலோசனை வந்தது. 1920-களில் கிழக்கு நாடுகளின் பெண்கள் கல்லூரிகளுக்காக அமெரிக்கப் பெண்களிடையே நிதி திரட்டிய லூசி பீபாடி அம்மையார் இதனை வன்மையாக எதிர்த்தார். பெண்கள் பெண்களுக்கென்று கொடுத்த காணிக்கை அது என்பது அவர் தரப்பு. நெடுநாள் தோழியர் இருவரும் பிரிய நேர்ந்தது. 1942-இல் பட்டப்படிப்பு தொடங்கிற்று. 1947-இல் மாணவர்கள் சேர்க்கப்பட்டனர்.

விழாமலர் இதனை ‘இருபாலர் கல்லூரியாக மலர்ந்தது’ என்று ஒரே வரியில் கடந்துவிடும். நம் கருத்தில் இது ஓர் அதிகாரத்துக்குரிய பொருள். ஐடாவின் முடிவே நிறுவனத்தைக் காத்தது. அதில் நமக்கு ஐயமில்லை. ஆயினும் பீபாடி அம்மையார் கேட்ட கேள்வி பிழையானதன்று. பெண்ணைப் பெண்ணே தொட்டு ஆற்றும் இடமாகத் தோன்றியது, தான் நிலைத்திருப்பதற்காக வேறொன்றாயிற்று. இந்த இழப்பையும் எழுதுவதே நேர்மையான வரலாறு. விலையில்லாத வளர்ச்சியைத் திருமறை எங்கும் கற்பிக்கவில்லை.

திசை பற்றியும் ஒன்று சொல்லவேண்டும். இருபதாம் நூற்றாண்டின் முதற் பத்தாண்டிலேயே வேலூர் மருத்துவமனை தன் சுவர்களைவிட்டு வெளியேறியது. குடியாத்தம் சாலையில் வாரந்தோறும் வண்டி செல்லும். மரத்தடிகளில் நோயாளிகள் காத்திருப்பர். புண் கழுவுதலும் மருந்து தருதலும் அங்கேயே நடக்கும். மருத்துவர் நோயாளியைத் தேடிச் சென்ற காலம் அது. இன்று காட்பாடிச் சந்திப்பில் ரயிலைவிட்டு இறங்குவோரில் வங்காளத்தாரும் வடகிழக்கு மாநிலத்தாரும் திரளாக உள்ளனர். மருத்துவமனையைச் சூழ்ந்த தெருக்களின் பெயர்ப்பலகைகளில் வங்காள எழுத்தைக் காண்கிறோம். தூரதேசத்தார் நம்பி வருவது பெருமையே. சமாரியன் உவமையின்படி அவர்களும் அயலார்தாம். ஆனால் ‘சமுதாயம்’ என்ற சொல்லுக்குக் குடியாத்தம் சாலையில் இருந்த பொருள் மாறிவிட்டதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். நிறுவனமே இதை உணர்ந்திருந்தது என்பதற்குச் சான்றாக, 1977-இல் கே.வி.குப்பத்தில் ஊரக நலவாழ்வுக்கும் சமூகப் பணிக்குமான பிரிவு தொடங்கப்பட்டது. அவ்வூர் காட்பாடிக்கும் குடியாத்தத்துக்கும் இடையில் உள்ளது. மலர்களில் இதற்குக் கிடைக்கும் இடமோ சிறிது. இதய அறுவைக்கு முழுப்பக்கப் படம்.

நம் மொழியில் ‘ஊழியம்’ என்னும் சொல் தனித்தன்மை உடையது. போதகர் செய்வது ஊழியம். மாதச் சம்பளம் பெற்றுத் தரை துடைப்பவரும் ஊழியர். ஆண்டவர் வந்தது ஊழியம் செய்யவே என்னும் சுவிசேஷக் கருத்தை வேலூர் தன் குறிக்கோளாகக் கொண்டுள்ளது. அந்த ஊழியர்களின் சங்கத்துக்கும் கல்லூரிச் சங்கத்துக்கும் இடையிலான வழக்கில், தொழில் தகராறுச் சட்டம் சிறுபான்மையினர் நடத்தும் கல்வி நிறுவனங்களுக்கும் பொருந்தும் என 1987-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அரசியலமைப்பின் 30-ஆம் பிரிவு தரும் உரிமையைத் தொழிலாளர் சட்டத்துக்கு எதிரான அரணாகக் கொள்ள இயலாது என்பது அதன் சாரம். சிறுபான்மை உரிமை நமக்கு அருமையானது. அதை விட்டுக்கொடுக்கும்படி நாம் சொல்லவில்லை. ஆனால் அந்த உரிமை யாருக்கு எதிராக எடுத்தாளப்பட்டது என்பது இறையியல் வினா. எந்த விழாமலரும் இதனை எழுப்பி நாம் கண்டதில்லை.

வேறு வகையில் எழுத இயலாதா? இயலும். 1964-இல் ஜெர்மனியின் டியூபிங்கனில் கூடிய மருத்துவத் திருப்பணி ஆலோசனைக் கூட்டம், குணமாக்கும் பணி மருத்துவமனைக்கு மட்டுமன்றித் திருச்சபை முழுமைக்கும் உரியது என வற்புறுத்தியது. 1968-இல் உலகத் திருச்சபை மன்றம் கிறிஸ்தவ மருத்துவ ஆணையத்தை அமைத்தது. வேலூரில் பயின்ற ரஜனிகாந்த் ஆரோலே, மேபெல் ஆரோலே தம்பதியர் 1970-இல் மகாராஷ்டிரத்தின் ஜாம்கேடில் பணியைத் தொடங்கினர். மேபெல் அம்மையாரின் தந்தை ஜபல்பூர் இறையியல் கல்லூரியில் புதிய ஏற்பாட்டுக் கிரேக்கம் கற்பித்தவர் என்பது நம் கல்லூரி வாசகர்க்குச் சுவையான செய்தியாகலாம். அவ்விருவர் 1994-இல் வெளியிட்ட ஜாம்கேட் நூலில், எழுதப் படிக்கத் தெரியாத கிராமப் பெண்கள் நலவாழ்வுப் பணியாளராகித் தம் பெயரோடு நடமாடுகின்றனர். தீண்டாமையும் கிணற்றுச் சண்டையும் நோயின் காரணங்களாக ஆராயப்படுகின்றன. வேலூர் வரலாற்றில் ஜாம்கேடும் ஓர் அதிகாரம். அது வேலூர்ப் படுக்கைகளின் கணக்கில் ஏறாது.

கடுகுவிதை உவமையை மாற்கு 4-இல் மறுபடியும் வாசித்தால், செடியின் உயரத்தோடு உவமை நின்றுவிடவில்லை என்பது தெரியும். நிழலில் தங்கும் பறவைகளில்தான் அது முடிகிறது.

2022-இல் இராணிப்பேட்டை மாவட்டத்தில் புதிய பெரும் வளாகம் திறக்கப்பட்டது. ஐடா அம்மையார் 1870-இல் பிறந்த இராணிப்பேட்டையின் பெயரை அம்மாவட்டம் தாங்குகிறது. அவ்வளாகத்துக்கும் ஒருநாள் மலர் வெளிவரும். அதனை எழுதப்போகிறவர் சுற்றுக் கிராமங்களின் பேறுகாலத் தாய்மாரிடமும், துப்புரவுப் பிரிவில் ஓய்வுபெற்றவரிடமும், கட்டணச் சீட்டைப் பார்த்துத் திரும்பிப் போனவரிடமும் முதலில் சென்று கேட்பாராக. ஆசியுரைகளை அதன்பின் வாங்கிக்கொள்ளலாம்.