வரப்போரத்துப் பாட்டுக்காரன்

ஐப்பசி மழை பிடித்துக்கொண்ட இரவில், திருவாரூர்ப் பக்கத்து வயல்களில் பெரிய தவளைகளின் கச்சேரிக்கு நடுவே இன்னொரு குரலும் கேட்கும். சீப்பின் பற்களை நகத்தால் வருடினாற்போல் கரகரவென்று விடாமல் ஒலிக்கும். டார்ச் அடித்து வரப்போரம் குனிந்தால் சத்தம் நின்றுவிடும், ஆளும் அகப்படமாட்டார். இத்தனை சத்தம் போடுகிறவரின் உடல் நீளம் ஏறக்குறைய இரண்டரை சென்டிமீட்டர்தான்.

மைக்ரோஹைலா ஆர்னேட்டா என்னும் இந்தத் தவளையை 1841இல் துமேரில், பிப்ரோன் என்ற பிரெஞ்சு அறிஞர்கள் விவரித்து எழுதினார்கள். இதன் அழகெல்லாம் முதுகில். வெளிர்பழுப்புத் தோலில், கண்களுக்கிடையே தொடங்கி இடுப்பை நோக்கி விரிந்து போகிறது ஒரு கரும்பழுப்புக் கோலம். மூக்கு கூர், வாய் சிறிது. எறும்பும் கரையானும் அந்த வாய்க்குப் போதும்.

முட்டைகள் நீர்ப்பரப்பில் ஒற்றை அடுக்காக மிதக்கின்றன. தலைப்பிரட்டையோ இன்னும் விசேஷம்: உடம்பு ஒளி புகும் அளவுக்குத் தெளிவு, உள்ளே இருப்பதெல்லாம் வெளியே தெரியும். அடிச்சேற்றில் மேயாமல் நடுநீரில் நின்று, தண்ணீரை உள்ளிழுத்து நுண்பாசியை வடிகட்டித் தின்னும்.

மழைநீர் தேங்கும் சம்பா வயல் இதற்குத் தொட்டில். கோடையில் மண்கட்டி, சருகு, கல் அடியில் ஒதுங்கிக்கொள்ளும். தவளை தோல்வழியே நீரை உறிஞ்சுகிற உயிர். வயலில் தெளிக்கும் மருந்தும் அதே வழியில்தான் உள்ளே போகிறது. தெளிப்பானைத் தோளில் மாட்டும்போது இதை நினைத்துக்கொண்டால் நல்லது.