வெள்ளவத்தை வீடும் வன்னித் தாயும்

போர் ஓய்ந்த சமூகத்திலே சிதைந்த தனிவாழ்வை மீளக் கட்டியெழுப்ப அன்பு ஒன்றே போதுமா? அனுக் அருட்பிரகாசம் ஆங்கிலத்தில் எழுதி, 2021இல் வெளிவந்து, புக்கர் பரிசின் இறுதிப் பட்டியலில் இடம்பெற்ற ‘அ பஸேஜ் நோர்த்’ என்னும் நாவல் எழுப்பும் வினா இதுவே.

கதை எளிது. வெள்ளவத்தையில் தாயுடனும் அப்பம்மாவுடனும் வாழும் கிரிஷான், அப்பம்மாவைப் பராமரித்த இராணி இறந்த செய்தி கேட்டு, ஈமச்சடங்கிற் பங்குகொள்ள வடக்கே ரயிலேறுகிறான். டில்லியிற் காதலித்துப் பிரிந்த அஞ்சுமின் நினைவு அவனுடன் பயணிக்கிறது. இராணியோ மைந்தர் இருவரையும் போருக்குப் பறிகொடுத்தவள். இளையவன் மாண்டது 2009 மே மாதத்தில், போர் முடியுந் தறுவாயிலாகும்.

இவ்விடத்தில் யப்பானிய நெறியாளர் யசுஜிரோ ஓசுவின் ‘டோக்கியோ கதை’ (1953) என்னும் திரைப்படம் நினைவுக்கு வருகிறது. போரிற் கணவனை இழந்த நொரிக்கோவிடம், மாமனார் தம் இறந்த மனைவியின் கடிகாரத்தைக் கொடுத்து, மறுமணஞ் செய்துகொள்ளுமாறு வேண்டுகிறார். அதே மகனை இழந்த ஒருவர் கூறுவதனாலேயே அச்சொல் அவளுக்கு விடுதலையாகிறது. இராணிக்கு அவ்வாறு கூற எவருமிலர். கிரிஷானின் வீடு அவளுக்கு வழங்கியது வேலையும் சம்பளமும் உறைவிடமுமே. அப்பம்மாவுக்கும் அவளுக்குமிடையே மலரும் நேசம் மெய்யானதுதான். எனினும் அவளது இழப்பை அது தொடவில்லை.

நாவலின் குறைபாடும் இங்கேயே தொடங்குகிறது. நேரடி உரையாடலைத் தவிர்த்த இந்நடையில், கிரிஷானின் காதல் துயரத்துக்கு நெடிய வாக்கியங்கள் வாய்க்கின்றன. இராணியின் துயரமோ அவன் பார்வையினூடாகவே நம்மை எட்டுகிறது. கொழும்பின் மனச்சான்று பேச, வன்னியின் தாய் மௌனியாகிறாள்.

ஆயினும், அவளுள்ளத்தை அறிந்தவன்போற் பேச ஆசிரியர் முற்படாமை நேர்மையின்பாற்பட்டதெனலாம். காதலை நினைந்துருகும் ஓய்வுங்கூடப் போருக்கு அப்பால் வாழ்ந்தோர்க்கே வாய்த்ததென்பதை இந்நாவல் ஒப்புக்கொள்கிறது. வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் இருந்து வடக்கை நோக்கும் நமக்கு அவ்வொப்புதல் உவப்பானதன்று, ஆனால் தேவையானது. இராணி தானே தன் கதையைக் கூறும் நாவல் எழுதப்படும்போதே இவ்வினாவுக்கு முழுமையான விடை கிட்டும்.