பத்துக்குப் பத்தும் நழுவிய கட்டையும்

பியான்கா பனோவாவைப் பற்றி எழுதலாம் என்று உட்கார்ந்தபோது நான் முதலில் தேடியது அவர் ஜெயித்த வீடியோவை இல்லை. 1988 சியோல் ஒலிம்பிக்ஸின் தகுதிச் சுற்றில் கிளப் கையிலிருந்து நழுவிய அந்த நொடியைத்தான் தேடினேன். இதை முதலிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறேன். ஏன் அதைத் தேடினேன் என்ற கேள்வி ஒரு வாரமாக என்னை விடவே இல்லை.

ரிதமிக் ஜிம்னாஸ்டிக்ஸ் பார்க்காதவர்களுக்குக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். ஒரு பெண், ஒரு கருவி, ஒன்றரை நிமிடத்துக்குள் அடங்கும் இசை. கயிறு, வளையம், பந்து, கிளப், ரிப்பன் என்று கருவிகள். கிளப் என்பது வேறொன்றும் இல்லை, நம்ம ஊர் கர்லாக்கட்டையின் தூரத்துச் சொந்தம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் இந்தியாவிலிருந்த பிரிட்டிஷ் சிப்பாய்கள் வழியாக ஐரோப்பாவுக்குப் போய், இளைத்து, மெருகேறி, பெண்களின் கைக்கு வந்துவிட்டது. ரிப்பன் ஆறு மீட்டர் நீளம். ஒருமுறை சிக்கிக்கொண்டால் கதை முடிந்தது.

எண்பதுகளில் இந்த விளையாட்டு ஏறக்குறைய பல்கேரியாவின் சொத்து. 1981 முதல் 1987 வரை நடந்த நான்கு உலகப் போட்டிகளிலும் தனிநபர் பட்டம் அவர்களுக்கே. பின்னால் இருந்தவர் பயிற்சியாளர் நெஷ்கா ரோபேவா. சோவியத் பள்ளி பாலே நடனத்தின் நீண்ட கோடுகளை நம்பியது என்றால், ரோபேவாவின் மாணவிகளிடம் ஒரு முரட்டு வேகம் இருந்தது. அழகாக நிற்பதில் அவர்களுக்கு அக்கறை கம்மி, நிற்கவே மாட்டார்கள். ஆனால் இந்தத் தலைமுறைக்கு ஒலிம்பிக் மேடை கிடைக்கவில்லை. 1984 லாஸ் ஏஞ்சலிஸில்தான் இந்த விளையாட்டு முதன்முதலாக ஒலிம்பிக்ஸில் சேர்ந்தது, அதைச் சோவியத் அணி நாடுகள் புறக்கணித்தன. உலக சாம்பியனாக இருந்தவர்கள் வீட்டில் இருந்தார்கள். தங்கம் கனடாவின் லோரி ஃபங்குக்குப் போனது. நாலு வருஷக் காத்திருப்பின் பாரம் முழுக்க அடுத்து வந்தவர்களின் தோளில் விழுந்தது.

1987, வர்ணா. கருங்கடல் ஓரத்துப் பல்கேரிய நகரம், சொந்த மண், சொந்தக் கூட்டம். பனோவாவுக்கு வயது 17. ஒட்டுமொத்தப் பட்டம், அப்புறம் நாலு கருவிகளுக்கான தங்கங்கள், எல்லாவற்றையும் அள்ளிவிட்டார். ஆடிய ஒவ்வொரு ஆட்டத்துக்கும் மதிப்பெண் 10.

இங்கேதான் விமர்சகனாக எனக்கு இடறுகிறது. பத்து என்பது என்ன மாதிரியான விமர்சனம்? 9.8 என்று போட்டால் எங்கேயோ ஒரு முழங்கால் வளைந்தது, ஒரு கணம் தாமதமானது என்று அர்த்தம். அந்த 0.2-இல் ஒரு வாசிப்பு இருக்கிறது. பத்தில் எதுவும் இல்லை. நடுவர் பேனாவை மூடி வைத்துவிட்டார் என்பதைத் தவிர அது ஒன்றும் சொல்வதில்லை. ‘அற்புதம்’ என்று ஒரே வரியில் முடியும் புத்தக மதிப்புரைகளை நாம் எவ்வளவு படித்திருக்கிறோம், அதேதான்.

சியோலில் நிலைமை இன்னும் மோசம். சோவியத் யூனியனின் மரினா லோபாச் 60-க்கு 60. அட்ரியானா டுனாவ்ஸ்கா 59.950. அலெக்சாண்ட்ரா டிமோஷென்கோ 59.875. பனோவா 59.725, நாலாவது இடம். வெண்கலத்துக்கும் அவருக்கும் நடுவில் 0.150. தகுதிச் சுற்றின் புள்ளிகளில் பாதி இறுதிக் கணக்கில் சேரும் என்பது அன்றைய விதி. முதல் சுற்றில் விழுந்த கட்டை கடைசி வரைக்கும் கூடவே வரும். கருவிவாரியாகத் தனிப் பதக்கமும் ஒலிம்பிக்ஸில் கிடையாது. வர்ணாவில் என்றால் ஒரு கருவியில் சறுக்கினாலும் இன்னொன்றில் மீட்டுக்கொள்ளலாம். இங்கே வழி இல்லை. எல்லோரும் பத்தை ஒட்டியே நிற்கும் ஒரு போட்டியில் ஆட்டத்தை ஆட்டத்தோடு ஒப்பிட இடமே இல்லாமல் போகிறது. யார் தவறவிட்டார் என்பது மட்டும்தான் பேச்சு.

சரி, என்னுடைய கேள்விக்கு வருகிறேன். ஏன் நழுவியதைத் தேடினேன்? நம்மைப் போல இலக்கியம் படிக்கிற ஆட்களுக்குத் தோற்றவர்கள்மேல் ஒரு சபலம் உண்டு. ஜெயித்தவனிடம் கதை இல்லை, விழுந்தவளிடம்தான் கதை என்று பழகிவிட்டோம். பனோவாவின் பெயரைச் சொன்னதும் ‘ஐயோ, சியோல்’ என்று உச்சுக் கொட்டுவதில் ஒரு சுகம் இருக்கிறது, பொய் சொல்லக் கூடாது. நானும் முதல் வரைவில் அந்தக் கட்டை விழும் சத்தத்தை வைத்து இரண்டு பத்தி எழுதினேன். நன்றாகவே இருந்தது. அழித்துவிட்டேன்.

அழித்ததற்குக் காரணம் வர்ணா வீடியோக்கள். பொறுமையாக, மூன்று நாலு தடவை பார்த்தேன். பழைய டேப், நிறம் வடிந்துபோன படம். முதல் தடவை வளைகிற முதுகுதான் கண்ணில் படும், அது யாருக்கும் படும். அப்புறம்தான் வேறொன்று புலப்பட்டது. சாதாரணமாக, கருவியை மேலே எறிந்தவர் அதற்காகக் காத்திருப்பது உடம்பில் தெரியும். கழுத்து கொஞ்சம் விறைக்கும், மூச்சு நிற்கும். பனோவாவிடம் அந்தக் காத்திருப்பு இல்லை. கருவி மேலே போனதை மறந்துவிட்ட மாதிரி வேறு வேலையில் இருக்கிறார். அது இறங்கும்போது கை அங்கே இருக்கிறது, அவ்வளவுதான். அதில் அலட்சியம் இருக்கிறதா என்று பார்த்தேன், இல்லை. ஆயிரம் முறை செய்ததை ஆயிரத்தோராவது முறையும் முடிவு தெரியாதவர் போலச் செய்கிறார்.

அப்படி ஆடுகிறவரிடம் கட்டை எப்போதாவது விழத்தான் செய்யும். சியோலில் விழுந்ததும் வர்ணாவில் விழாததும் ஒரே ஆட்டமுறையின் இரண்டு நாட்கள் என்றுதான் இப்போது படுகிறது. ஒன்றைச் சோகமாகவும் மற்றதைச் சாதனையாகவும் பிரித்து வைத்தது நாம்தான்.

ஒரு சங்கடம் மட்டும் தீரவில்லை. அந்தக் காத்திருப்பில்லாத உடம்பு எப்படி உருவானது? அரசு நடத்திய பயிற்சி முறை, சின்ன வயதிலேயே தொடங்கும் நீண்ட நாட்கள், எடைக் கட்டுப்பாடு. 1989 நவம்பரில் ஷிவ்கோவ் பதவியிழந்தார். பனோவா போட்டிகளிலிருந்து விலகியதும் அதே ஆண்டில்தான். பல்கேரியாவுக்கு இந்த விளையாட்டில் முதல் ஒலிம்பிக் தங்கம் 2021-இல் டோக்கியோவில்தான் வந்தது, அதுவும் குழுப் பிரிவில். வர்ணாவின் அந்த ஒன்றரை நிமிடங்களை ரசிக்கும்போது அதற்குப் பின்னாலிருந்த வருடங்களையும் சேர்த்தே ரசிக்கிறேனோ என்ற சந்தேகம் எனக்கு இருக்கிறது. இருந்தாலும் நேற்று ராத்திரி ரிப்பன் ஆட்டத்தை மறுபடியும் போட்டுப் பார்த்தேன்.