கல் சொல்வதும் நாம் சொல்ல வைப்பதும்

நம்பெருமாள் திருவரங்கத்திற்கு மீண்டும் எழுந்தருளிய வரலாற்றை எழுதுவோர் பலரும் கோபணாரியர் சாஸனத்தைச் சான்றாகக் காட்டுவர். ஆயினும் அதன் வாசகத்தை ஆராய்ந்து எழுதுவோர் சிலரே. கோயிலொழுகிலும் குருபரம்பரைகளிலும் உள்ள செய்திகளையெல்லாம் அதன்மேல் ஏற்றி, ‘கல்வெட்டே ஸாக்ஷி’ என்று முடித்துவிடுகின்றனர். இது ஸம்ப்ரதாயத்திற்குச் செய்யும் கைங்கர்யமாகாது.

சாஸனத்தில் உள்ளவை இரண்டு ஸம்ஸ்க்ருத ச்லோகங்கள். அஞ்சனாத்ரியிலிருந்து அரங்கநாதனைக் கோபணாரியர் எழுந்தருளப் பண்ணியது, செஞ்சியில் சில காலம் ஆராதித்தது, துருஷ்கப் படையை வென்றது, ஸ்ரீதேவி பூதேவிகளோடு திருவரங்கத்தில் ப்ரதிஷ்டை செய்வித்து ஆராதனத்தை மீண்டும் நடப்பித்தது ஆகியவையே அவற்றின் பொருள். பிள்ளை லோகாசார்யர் ஜ்யோதிஷ்குடியில் திருநாட்டுக்கு எழுந்தருளியதோ, நம்பெருமாள் திருமாலிருஞ்சோலையும் மலைநாடும் கடந்து சென்றதோ அவற்றில் இல்லை. இல்லாமையால் அவை பொய்யாகிவிடா. ஆனால் அவற்றுக்குரிய பிரமாணம் வேறு. சாஸனத்தின் பெயரால் அவற்றைச் சொல்லலாகாது.

காலக் கணக்கில் குழப்பம் மிகுதி. சாஸனம் தன் சகாப்தத்தை ‘பந்துப்ரிய’ என்னும் சொல்லால் குறிக்கிறது. கடபயாதி முறைப்படி பவர்க்கத்தின் மூன்றாம் எழுத்து 3, தவர்க்கத்தின் நான்காம் எழுத்து 9, ரேபம் 2, யகாரம் 1. கூட்டெழுத்தில் இறுதி மெய்யைக் கொள்வதும், எண்களை வலமிருந்து இடமாக அடுக்குவதும் விதியாகையால் கிடைப்பது 1293. சென்ற சகாப்தமாகக் கொண்டால் அது கி.பி. 1371-72, ஸம்வத்ஸரம் விரோதிக்ருத். கோயிலொழுகு கூறும் நாளோ பரிதாபி வைகாசி 17. பரிதாபி அடுத்த ஆண்டு, அதாவது 1372-73. சகம் 1293ஐ நடப்பாண்டாகக் கொண்டால் ஸாதாரண ஸம்வத்ஸரம் வரும். இடைவெளி இன்னும் பெருகும். ஆகவே பலரும் எழுதிவரும் ‘1371, பரிதாபி, வைகாசி 17’ என்பது எந்தப் பஞ்சாங்கத்திலும் அமையாத நாள். இரு பிரமாணங்களைத் தைத்து மூன்றாவதொன்றை நாமே உண்டாக்கியிருக்கிறோம்.

இயற்றியவர் பற்றியும் இவ்வாறே. இச்ச்லோகங்கள் ஸ்வாமி தேசிகன் அருளியவை என்பது பரம்பரைச் செய்தி. கல்லில் இயற்றியவர் திருநாமம் இல்லை. ஸ்வாமி திருநாட்டுக்கு எழுந்தருளியது ஸௌம்ய வருஷம் கார்த்திகை மாதம், கி.பி. 1369, என்பதும் அப்பரம்பரையின் செய்தியே. சாஸன ஆண்டு அதற்கு இரண்டாண்டு பிற்பட்டது. ச்லோகங்கள் முன்பே அருளப்பட்டுப் பின்பு பொறிக்கப்பட்டன என்று ஸமாதானம் கூறலாம். ப்ரதிஷ்டை முந்தியது, சாஸனம் பிந்தியது என்றும் கூறலாம். இரண்டும் ஊகங்கள் என்று சொல்லிக் கூறினால் குற்றமில்லை. முரண்பாடே இல்லாததுபோல் எழுதிச் செல்வதே குற்றம்.

இந்த நேர்மையை நாம் புதிதாகக் கற்க வேண்டியதில்லை. ஈட்டைக் காலக்ஷேபம் செய்தவர் அறிவர்: ஒரு பாசுரத்திற்கு இரண்டு நிர்வாஹங்கள் உண்டானால் வ்யாக்யாதா ஒன்றை மறைப்பதில்லை. ‘என்னுதல்’ என்று இரண்டையும் நிறுத்துவார். இது ஆளவந்தார் நிர்வாஹம், இது பட்டர் அருளிச்செய்தது என்று உரியவர் திருநாமத்தோடு சொல்லுவார். எச்சொல் யாருடையது என்பதைக் காப்பதே அங்கே ஆசார்ய பக்தி. பாசுரத்தின் பொருளுக்குக் கொண்ட அந்த ஜாக்ரதையைச் சரித்திரத்திற்குக் கொள்ளாதிருப்பது எந்த ந்யாயம்?

இவ்வாராய்ச்சியால் பரம்பரைக்கு ஹானி விளையும் என்று அஞ்சுவோர் உளர். ஹானி விளைவது வேறு வழியில். பொருந்தாத நாளைக் கல்லின் பெயரால் கற்கும் மாணவன், பின்னொரு நாள் தானே கணக்கிட்டுப் பார்ப்பான். ஒரு முடிச்சு அவிழ்ந்ததும் மற்றவையும் அப்படித்தான் என்று எண்ணுவான். அப்போது ஜ்யோதிஷ்குடியில் ஆசார்யன் தம் திருமேனியை உபேக்ஷித்த வ்ருத்தாந்தமும் அவனுக்குக் கட்டுக்கதையாகத் தோன்றும். அதை அவனுக்குச் சொல்லும் கோயிலொழுகும் குருபரம்பரையும் தம் பெயராலேயே நிற்கட்டும். அவற்றுக்குக் கல்லை இரவல் வாங்க வேண்டியதில்லை. சாஸனத்தைப் பதிப்பிப்போர் ‘பந்துப்ரிய’ ஆண்டை மேலே இட்டு, பரிதாபி வைகாசியைக் கோயிலொழுகின் பெயரோடு கீழே தனியே இடுவாராக.