ஆனந்தரங்கரின் நாட்குறிப்பும் வணிகர் வாழ்வும்: ஒரு விமர்சன நோக்கு

தமிழ் உரைநடையின் வளர்ச்சி பற்றிப் பேசும் நூல்கள் ஆனந்தரங்கப்பிள்ளையின் நாட்குறிப்பினை ஓரிரு பக்கங்களிலேனும் குறிப்பிடத் தவறுவதில்லை. 1736 செப்டெம்பரில் தொடங்கி, இடையிடையே விடுபாடுகளுடன் 1761 சனவரி வரை எழுதப்பெற்ற இப்பெருநூல், பேச்சுத் தமிழில் அமைந்த முன்னோடி முயற்சி எனப் பாராட்டப்படுகின்றது. மறுபுறம், வரலாற்றாசிரியர் இதனை டூப்ளேயின் எழுச்சியையும் வீழ்ச்சியையும் அறிவதற்கான சான்றாகவே பெரிதும் பயன்படுத்தியுள்ளனர். சென்னை அரசாங்கம் 1904 முதல் 1928 வரை பன்னிரண்டு தொகுதிகளாக ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டபோதும், ஆங்கில–பிரெஞ்சுப் போட்டியின் வரலாறே பதிப்பாசிரியர்களின் முதன்மைக் கவனத்தைப் பெற்றது. தமிழ் மூலம் புதுச்சேரியில் நூல்வடிவில் வெளிவரத் தொடங்கியது 1948இலேயே ஆகும்.

இவ்விரு நோக்குகளும் ஒரு கேள்வியைத் தவிர்த்துச் செல்கின்றன. இந்நூலை எழுதியவர் ஒரு வணிகர். தமது வர்க்கத்தின் நிலைபற்றி அவர் அறிந்து கூறுவன யாவை? அறியாமலே வெளிப்படுத்துவன யாவை? இக்கேள்வியை முன்வைத்து நாட்குறிப்பினை நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதலில் அவ்வணிகத்தின் இயல்பினை விளங்கிக்கொள்ளுதல் வேண்டும். 18ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் சோழமண்டலக் கரையில் ஐரோப்பியக் கும்பனிகள் நாடிவந்த முதன்மைச் சரக்குத் துணியே. நெசவாளர் உள்நாட்டுக் கிராமங்களிற் பரந்து வாழ்ந்தனர். அவர்களோடு நேரடித் தொடர்பு கொள்ளும் ஆற்றல் அன்றைய கும்பனிகளுக்கு இருக்கவில்லை. எனவே கும்பனி வணிகரோடு ஒப்பந்தம் செய்து முன்பணம் கொடுத்தது. வணிகர் அதனைத் தரகர் வாயிலாக நெசவாளருக்குக் கொடுத்தனர். நெய்த துணி வந்ததும் அது தரம்பிரிக்கப்பட்டு, தரங்குறைந்தது கழிக்கப்பட்டது. இச்சங்கிலியின் நடுக்கண்ணியாக நின்ற வணிகர் தலைவனே கும்பனியின் தலைமைத் துபாஷியாகவும் விளங்கினான். அவன் மொழிபெயர்ப்பாளன் மட்டுமல்லன். ஆளுநருக்கும் ஊராருக்கும் இடையே நின்று வழக்கும் வாணிபமும் பேசுபவன்.

ஆனந்தரங்கர் 1709இற் சென்னையைச் சார்ந்த பெரம்பூரிற் பிறந்தவர். புதுச்சேரியிற் குடியேறிய தந்தையைப் பின்பற்றிக் கும்பனியின் பணியில் ஈடுபட்டார். பறங்கிப்பேட்டையில் வணிகத்தை நடத்தினார். ‘ஆனந்தப்புரவி’ என்ற கப்பலுக்கு உரிமையாளராக விளங்கினார். 1746இல் தலைமைத் துபாஷியான கனகராய முதலியார் இறந்தபின் அப்பதவியின் பணிகள் இவர்பால் வந்தன. வாழ்க்கை வரலாறு எழுதுவோர் இதனை உயர்வின் கதையாகவே கூறுவர். ஆயின் நாட்குறிப்பினைத் தொடர்ந்து படிப்பவர் அதில் உயர்வைக் காட்டிலும் அச்சத்தையே மிகுதியாகக் காண்பர்.

அவ்வச்சத்திற்கு வரலாற்றுக் காரணம் உண்டு. ஆனந்தரங்கருடைய தந்தையின் மைத்துனரான நைனியப்பப்பிள்ளை புதுச்சேரியின் முதன்மைத் தரகராக இருந்தவர். 1716இல் ஆளுநர் எபேரின் ஆட்சியில் அவர் சிறையிடப்பட்டார். கடைத்தெருவில் ஐம்பது கசையடி, மூன்றாண்டுச் சிறை, 8,888 வராகன் தண்டம் எனத் தீர்ப்பு வழங்கப்பட்டது. மறு ஆண்டில் அவர் சிறையிலேயே மாண்டார். அவருடைய மகன் குருவப்பர் பிரான்சு சென்று, கிறித்தவராகி, வீரப்பட்டம் பெற்றுத் திரும்பிய பின்னரே குடும்பத்தின் செல்வாக்கு மீண்டது. நைனியப்பர் சிறைப்பட்டபோது ஆனந்தரங்கருக்கு ஏழு வயது. தரகனின் செல்வமும் மானமும் ஓர் ஆளுநரின் முகக்குறிப்பில் தொங்குகின்றன என்ற பாடத்தை அக்குடும்பம் தன் வீட்டிலேயே கற்றுக்கொண்டது.

நாட்குறிப்பின் வடிவத்தையும் இதனோடு சேர்த்தே நோக்குதல் தகும். ஆளுநர் கேட்டது, தாம் மறுமொழியாகச் சொன்னது, அருகில் நின்றவர், அவர் முகம் மாறிய விதம் என உரையாடல்களை அவர் நுணுக்கமாகப் பதிவு செய்கின்றார். யாருக்கு எத்தனை பீரங்கிக் குண்டு மரியாதை செய்யப்பட்டது என்பதை எண்ணி எழுதுகின்றார். இவற்றை வீண் ஆடம்பர ஆர்வம் எனச் சிலர் ஒதுக்குவர். சொல்லை முதலாகக் கொண்டு வாழ்ந்த ஒருவருக்கு ஒவ்வொரு சொல்லும் வரவு அல்லது செலவு ஆகும். வணிகன் பேரேட்டில் சரக்கைப் பதிவதுபோல் இவர் தயவையும் தயவிழப்பையும் பதிந்துள்ளார் எனக் கருத இடமுண்டு.

இந்நிலையை அக்காலப் புலவரின் பாடல்களோடு ஒப்பிடுதல் பயன் தரும். தியாகராச தேசிகர் ‘ஆனந்தரங்கன் கோவை’ பாடினார். சீனிவாச கவி 1752இல் வடமொழியில் ‘ஆனந்தரங்க சம்பு’ இயற்றினார். மன்னர்க்கும் குறுநில மன்னர்க்கும் உரிய இலக்கிய வடிவங்கள் இங்கு ஒரு வணிகருக்கு உரியனவாகின்றன. பழைய புரவலர் வலியிழந்த காலத்திற் புலவர் புதிய புரவலரைத் தேடினர் என்பது இதன் பொருள். பாடல்களில் அவர் புவியாளும் தலைவன்; நாட்குறிப்பிலோ ஆளுநர் மாளிகையில் அழைப்புக்காகக் காத்து நிற்பவர். ஒரே மனிதரைப் பற்றிய இவ்விரு சித்திரங்களுக்கும் இடையிலுள்ள தூரமே அன்றைய வணிக வர்க்கத்தின் உண்மையான நிலையைக் காட்டுவது.

நகரின் அமைப்பிலும் இவ்விரட்டைத் தன்மையைக் காணலாம். 1693 முதல் 1699 வரை புதுச்சேரியைக் கைப்பற்றியிருந்த ஒல்லாந்தர் நேர்த்தெருக்கள் கொண்ட நகர்த் திட்டத்தை வகுத்தனர். பின்னர் வளர்ந்த நகரில் கடலோரத்தே வெள்ளையர் பகுதியும் அதற்கு மேற்கே தமிழர் பகுதியும் கால்வாயினாற் பிரிக்கப்பட்டிருந்தன. தமிழர் பகுதியிலே இன்றும் நிற்கும் ஆனந்தரங்கரின் மாளிகையின் கீழ்த்தளம் மரத்தூண்களோடு நம் நாட்டு முறையிலும், மேல்தளம் சுதைத்தூண்களோடு ஐரோப்பிய முறையிலும் அமைந்துள்ளது. இரு பண்பாடுகளின் இணைவு என இதனைப் புகழ்வோர், இணைவு கட்டடத்தில் நிகழ்ந்ததேயன்றிச் சமூக உறவுகளில் நிகழவில்லை என்பதையும் கூறுதல் வேண்டும். 1745ஆம் ஆண்டுப் பதிவொன்று இதற்குச் சான்று. தேவாலயத்தினுள்ளே பறையர் கிறித்தவரையும் ஏனைய சாதிக் கிறித்தவரையும் பிரித்து நின்ற சுவரை, ஒடுக்கப்பட்டோரின் முறையீட்டைக் கேட்ட குருவானவர் இடிக்கச் செய்தார். உயர்சாதிக் கிறித்தவரோ அதனை எதிர்த்தனர். ஆனந்தரங்கர் இச்செய்தியை ஊர்க் குழப்பங்களுள் ஒன்றாகவே எழுதிச் செல்கின்றார். முறையிட்டவரின் நியாயம் அவர் சிந்தனையைத் தொடவில்லை.

நாட்குறிப்பின் உச்சமான பகுதி, 1748 செப்டெம்பரில் வேதபுரீசுவரர் கோயில் இடிக்கப்பட்டமை பற்றிய பதிவாகும். ஆங்கிலேயத் தளபதி பொஸ்கோவன் புதுச்சேரியை முற்றுகையிட்டிருந்த வேளையில் இது நிகழ்ந்தது. துயரம் தோய்ந்த இப்பகுதியில், முன்னைய ஆளுநர்கள் இச்செயலுக்குத் துணியாமைக்கு ஒரு காரணத்தை ஆசிரியரே கூறுகின்றார்: இது தமிழர் நாடு, கோயிலை இடித்தால் வணிகர் இங்குக் குடியேற வாரார், பட்டினம் செழிக்காது என அவர்கள் அஞ்சினர். இவ்வொரு குறிப்பு அக்காலச் சமூக வரலாற்றின் திறவுகோலாக அமைகின்றது.

அந்நூற்றாண்டின் முதற் பதினைந்து ஆண்டுகளில், யேசு சபைக் குருமாரின் தூண்டுதலாற் கோயில் வழிபாட்டுக்கும் விழாக்களுக்கும் தடைகள் எழுந்தபோது, ஊரைவிட்டு வெளியேறுவோம் எனப் புதுச்சேரி மக்கள் அச்சுறுத்தினர். கும்பனியின் ஆட்சிக்குழு பின்வாங்க நேர்ந்தது. அவ்வச்சுறுத்தல் வெறும் பேச்சாக இருக்கவில்லை. வடக்கே சென்னையிலும் தெற்கே கடலூரை அடுத்த புனித தாவீது கோட்டையிலும் ஆங்கிலேயர் இருந்தனர். தரங்கம்பாடியில் தேனியரும் நாகப்பட்டினத்தில் ஒல்லாந்தரும் இருந்தனர். வணிகனும் நெசவாளனும் ஒரு துறையை விட்டு மற்றொன்றுக்குப் போகக்கூடிய நிலை நிலவியது. வாங்குவோர் பலராயிருந்தமையே விற்போரின் வலிமையாகும். 1748இலோ ஊரைச் சுற்றிப் பகைப்படை நின்றது. வெளியேறுதல் என்ற பழைய ஆயுதம் அப்போது பயன்படக்கூடியதாக இருக்கவில்லை. சாதித் தலைவர்கள் ஆனந்தரங்கரிடம் வந்தனர், பேசினர், கலைந்தனர். பதவியில் உயர்ந்து நின்ற துபாஷியால் ஒரு கல்லையும் காக்க இயலவில்லை. தமிழர் ஒற்றுமையின்மையையும் ஆளுநரின் மனைவியையும் அவர் குறை கூறுகின்றார். தமது பதவியின் இயல்பை அவர் குறை கூறவில்லை.

இங்கேதான் நாட்குறிப்பின் ஆழ்ந்த முரண்பாடு அமைந்துள்ளது. 1746இல் சென்னை பிரெஞ்சுக்காரர் கைப்பட்டபோது ஆனந்தரங்கர் பெருமகிழ்ச்சி அடைந்தார். சென்னை வணிகரைப் புதுச்சேரிக்குக் கொண்டுவந்து குடியேற்ற டூப்ளே மேற்கொண்ட முயற்சிகளை விரிவாக எழுதுகின்றார். தம் கும்பனியின் போட்டியாளர் அழிவது தமக்கு ஆக்கம் என அவர் நம்பினார். ஆயின் போட்டியாளர் பலர் இருந்தமையாலேயே அவருடைய வர்க்கத்திற்கு மதிப்பு இருந்தது. எல்லாத் துறைகளும் ஒரே ஆதிக்கத்தின்கீழ் வரின் நடுக்கண்ணி தேவையற்றதாகிவிடும். வென்றவர் பிரெஞ்சுக்காரராயினும் ஆங்கிலேயராயினும் முடிவு ஒன்றே. வரலாறு இதனை மெய்ப்பித்தது. 18ஆம் நூற்றாண்டின் இறுதிக் காலத்தில், அரசியல் அதிகாரம் பெற்ற ஆங்கிலக் கும்பனி, தமிழகத்தில் வணிகரை ஒதுக்கித் தன் முகவர் வாயிலாக நெசவாளரை நேரடியாகத் தன் பிடிக்குட் கொண்டுவந்தது.

ஆகவே ஆனந்தரங்கரை அந்நியரின் கையாள் எனத் தூற்றுவதும், தமிழினத்தின் காவலர் எனப் போற்றுவதும் ஒருங்கே பொருந்தா. இரண்டும் பிற்காலத் தேசிய உணர்வினை அக்காலத்தின்மேல் ஏற்றிப் பார்ப்பன. தம் வர்க்க நலனை அவர் கூர்மையாக அறிந்திருந்தார். அந்நலன் எதனால் நிலைபெற்றது என்பதை அறியவில்லை. அவர் ஆட்சி மாற்றங்களை விளக்குகையில் அடிக்கடி கிரகபலனையும் அதிர்ஷ்டத்தையும் துணைக்கு அழைப்பதும் இதனாலேயே எனலாம். ஒருவரின் தயவில் வாழ்பவருக்கு உலக இயக்கமே தயவாகத் தோன்றுதல் இயல்பு.

நாட்குறிப்பின் மட்டுப்பாடுகளையும் கூறாது விடுதல் விமர்சன நேர்மையாகாது. துணியைப் பற்றி எண்ணற்ற பக்கங்கள் உள்ளன; நெய்தவனின் குடிசைக்குள் ஆசிரியர் புகுவதில்லை. முன்பணம் பெற்ற நெசவாளன் பஞ்சத்திலும் போரிலும் எவ்வாறு வாழ்ந்தான் என்பது சரக்கு வரத் தாமதமானதற்குரிய காரணமாக மட்டுமே இடம்பெறும். 1743ஆம் ஆண்டுப் பதிவொன்று, எளிய மக்களை ஏமாற்றிப் பிடித்து அடைத்து, அடிமைகளாகக் கப்பலேற்றிய கொடுமையைக் கூறுகின்றது. அச்செய்தி நமக்குக் கிடைத்தமைக்கு ஆனந்தரங்கருக்கு நாம் கடமைப்பட்டுள்ளோம். எனினும் துணியும் மனிதனும் ஒரே கப்பலில் ஏறிய அவ்வாணிப முறை பற்றி அவருக்கு எவ்வித ஐயமும் எழவில்லை.

மொழிநடையையும் இப்பின்னணியிலேயே மதிப்பிடுதல் வேண்டும். பாரசீகம், போர்த்துக்கேயம், பிரெஞ்சு, தெலுங்குச் சொற்கள் விரவிய அந்நடையைத் தூய்மையற்றது என்பாரும் உளர். அது துறைமுகத்தின் தமிழ். ஆணைகளும் பேரங்களும் வதந்திகளும் பன்மொழிகளில் உலவிய ஊரில், அவ்வொலிகளை உள்ளவாறே ஏற்றுக்கொண்ட உரைநடை அது. அச்சில் ஏற்றும் எண்ணமின்றி எழுதப்பட்டமையால் பண்டிதரின் கண்டிப்புக்கு அது உட்படவில்லை. செய்யுளால் ஆற்றமுடியாத ஒரு பணியை, அன்றாட உலகியலை நாள்தோறும் பதியும் பணியை, தமிழ் உரைநடை ஆற்றவல்லது என்பதை அது நிறுவியது.

1754இல் டூப்ளே திருப்பியழைக்கப்பட்டார். 1756இல் ஆனந்தரங்கர் பதவி இழந்தார். நோயுற்ற நிலையிலும் எழுதுவதை நிறுத்தாத அவர், 1761 சனவரியில், புதுச்சேரி ஆங்கிலேயரிடம் சரணடைவதற்குச் சில நாள்களுக்கு முன் இறந்தார். வெற்றி கொண்டவர் அந்நகரின் கோட்டை கொத்தளங்களையும் மாளிகைகளையும் இடித்துத் தரைமட்டமாக்கினர்.

இலக்கிய மாணவர் இந்நூலை நடைச்சிறப்புக்காகவும் வரலாற்று மாணவர் போர்ச் செய்திகளுக்காகவும் தனித்தனியே புரட்டும் வழக்கம் இனியேனும் மாறுதல் வேண்டும். குடியேற்ற ஆட்சி இந்நிலத்திற் காலூன்றியபோது நம்மவருள் அறிவும் செல்வமும் மிக்க ஒருவர் அதன் மிக அருகில் நின்று, நாள்தோறும் கண்டதை எழுதினார். அவர் கண்டவற்றைத் தொகுப்பது எளிது. அத்துணை அருகில் நின்றும் அவர் காணாதவை எவை, ஏன் காணவில்லை எனக் கேட்பதே இன்றைய விமர்சகனின் கடமையாகும். அதிகாரத்தின் அருகில் நிற்பதை ஆற்றல் என எண்ணும் மயக்கம் துபாஷிகளின் காலத்தோடு முடிந்துவிட்டதெனக் கூறுவதற்கில்லை.