கருங்கடலின் கரைநூல்கள்

முசிறித் துறைமுகத்தைப் பற்றிப் படித்தவர்களுக்குச் 'செங்கடல் பெரிப்ளஸ்' பழகிய பெயர். அந்தக் கடல்வழி நூலை நாம் இன்று படிப்பதற்கு ஆதாரமான கையெழுத்துப்படி ஜெர்மனியில் ஹைடல்பர்க் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கிறது. ஏறத்தாழ கி.பி. 900இல் கிரேக்க மொழியில் படியெடுக்கப்பட்ட ஒரு தொகுப்பு அது. அதே தொகுப்பில் இன்னொரு பெரிப்ளஸும் உண்டு. அரியன் என்ற ரோமானிய ஆளுநர் எழுதிய, கருங்கடலைச் சுற்றிவரும் வழிநூல். இரண்டும் ஒரே கட்டில் கிடந்ததால் முசிறியைச் சொல்லும் நூலையும் அரியன் பெயரிலேயே நெடுங்காலம் வழங்கினார்கள். நம் துறைமுகங்களுக்காக முதல் நூலைப் புரட்டும் நாம், பக்கத்திலேயே கிடக்கும் இரண்டாவதைத் தொடுவதில்லை. தொட வேண்டும் என்பது என் கட்சி.

கரைநூல் என்பது மாலுமிக்காக எழுதப்படுவது. அடுத்த துறை எவ்வளவு தூரம், எங்கே நல்ல தண்ணீர் கிடைக்கும், எந்த முனையில் காற்று திரும்பும், எங்கே நங்கூரம் பிடிக்கும் என்பதே அதன் பேச்சு. பிழையாக எழுதினால் ஆள் சாவான் என்பதால் அதில் அலங்காரம் குறைவு. ஆனாலும் எதைச் சொல்வது, எதை விடுவது என்று ஒவ்வொரு நூலுக்கும் ஒரு கணக்கு இருக்கிறது. அந்தக் கணக்கைப் படித்தால் அந்தக் கடல் அப்போது யார் கையில் இருந்தது என்று தெரிந்துவிடும். கருங்கடலுக்கு இப்படி இரண்டாயிரம் ஆண்டுகளுக்கும் மேலான வரிசையே இருக்கிறது.

அரியனின் நூல் பேரரசர் ஹாட்ரியனுக்கு எழுதிய கடிதம், காலம் கி.பி. 131 வாக்கில். இன்றைய துருக்கியின் டிராப்ஸனிலிருந்து கிழக்குக் கரையோரமாகக் கோட்டைகளைப் பார்வையிட்டபடி போகிறார். ஃபாசிஸ் ஆற்றின் முகத்தில் ஆற்றுநீர் கடல்நீரின் மேல் கலக்காமல் மிதப்பதைக் கவனித்து எழுதுகிறார். அங்கே கிரேக்கப் புராணத்தில் வரும் 'ஆர்கோ' கப்பலின் நங்கூரம் என்று ஓர் இரும்பு நங்கூரத்தைக் காட்டுகிறார்கள். அது அவ்வளவு பழையதாகத் தெரியவில்லை என்கிறார். பக்கத்தில் கிடந்த ஒரு கல் நங்கூரத்தின் உடைந்த துண்டுகள் வேண்டுமானால் அந்தக் காலத்ததாக இருக்கலாம் என்பது அவர் கணிப்பு. ஏறத்தாழ பத்தொன்பது நூற்றாண்டுக்கு முன்பு ஓர் அதிகாரி பொருளின் செய்முறையை வைத்துக் காலத்தை எடைபோடுகிறார்! எனக்கு இந்த ஒரு பத்திக்காகவே அந்த நூல் பிடிக்கும்.

ஆனால் அவர் வெறும் பயணி இல்லை. வடக்கே கெர்ச் நீரிணைப் பக்கம் ஆண்ட கோட்டிஸ் அரசன் இறந்த செய்தி வருகிறது. அங்கே ஏதாவது செய்ய நீங்கள் நினைத்தால் வழி தெரியாமல் இருக்கக்கூடாது என்று பேரரசருக்குச் சொல்லி, தான் போகாத வடகரையையும் விவரித்துவிடுகிறார். துறைகளும் தூரங்களும் அடுக்கிய அந்தப் பகுதி ஒரு படையெடுப்புக்கான முன்தயாரிப்பு. கரைநூலைப் புவியியல் என்று மட்டும் படிப்பவர்கள் தவறவிடும் இடம் இது.

அடுத்த பெரும் மாற்றம் இத்தாலியரால் வந்தது. 1261இல் பைசாந்தியப் பேரரசோடு செய்த ஒப்பந்தத்தால் ஜெனோவாக்காரர்களுக்குக் கருங்கடல் திறந்தது. கிரிமியாவில் காஃபா அவர்களுடைய தலைநகரம் போலாயிற்று. ஜெனோவாவைச் சேர்ந்த பியத்ரோ வெஸ்கோன்டே போன்றோர் 14ஆம் நூற்றாண்டில் தோலில் வரைந்த கடல்வரைபடங்களில் ஊர்ப்பெயர்கள் கரைக்குச் செங்குத்தாக, நிலப்பக்கமாக எழுதப்பட்டிருக்கும். முக்கியத் துறைகள் சிவப்பு மையில், மற்றவை கறுப்பு மையில். படிக்க வேண்டுமானால் வரைபடத்தைக் கையில் சுழற்றிக்கொண்டே போக வேண்டும். நிலத்தின் உட்பகுதியில் பெரும்பாலும் ஒன்றுமிருக்காது. தானியமும் மீனும் அடிமைகளும் உள்நாட்டிலிருந்து வந்து சேர்ந்த சந்தைகள்தாம் அந்தச் சிவப்புப் பெயர்கள். அடிமைகளைப் பற்றி அந்தத் தோலில் ஒரு குறியும் இல்லை.

1475இல் ஒட்டோமானியர் காஃபாவைப் பிடித்தார்கள். பிறகு மெல்ல மெல்லக் கடல் அந்நியக் கப்பல்களுக்கு மூடப்பட்டது. 1774இல் ரஷ்யாவோடு செய்த குச்சுக் கைனார்ஜா உடன்படிக்கைதான் அதை மறுபடி திறந்தது. இந்த இடைக்காலத்தை ஐரோப்பிய ஆசிரியர்கள் பலரும் வெற்றிடம் போல் தாண்டிப் போகிறார்கள். இஸ்தான்புல்லின் சோறும் மரமும் இந்தக் கடல் வழியாகத்தான் வந்தன என்பதை நினைத்தால் அது எவ்வளவு தவறு என்று புரியும். ஆனால் ஒட்டோமானியக் கடற்தளபதி பீரி ரெயிஸ் 1521இல் எழுதிய புகழ்பெற்ற கடல்நூலும் மத்தியதரைக் கடலின் துறைகளைத்தான் சொல்கிறது. 1640களில் கருங்கடலில் கப்பல் உடைந்து பிழைத்த ஒட்டோமானியப் பயணி எவ்லியா செலெபி, இனி இந்தக் கடலில் காலெடுத்து வைப்பதில்லை என்று முடிவெடுத்தார். சொந்தக் கடலில் ஓடியவர்களின் அறிவு தகப்பனிடமிருந்து மகனுக்கு வாய்வழியாகப் போயிருக்க வேண்டும்.

அந்த வாய்வழி அறிவு எப்படிப்பட்டது என்பதற்குக் கருங்கடலையும் மர்மரா கடலையும் இணைக்கும் பாஸ்பரஸ் நீரிணையே சாட்சி. கருங்கடல் நீரில் உப்பு சமுத்திரத்தில் இருப்பதில் பாதியளவுதான். பெரிய ஆறுகள் வந்து விழுகின்றன. அந்த லேசான நீர் மேலடுக்கில் மர்மரா கடலை நோக்கி வேகமாக ஓடுகிறது. அடியில், கனத்த உப்புநீர் எதிர்த்திசையில் கருங்கடலுக்குள் போகிறது. வலையின் கீழ்ப்பகுதி எதிர்ப்பக்கம் இழுபடுவதாக மீனவர்கள் சொன்னதை ஆறாம் நூற்றாண்டிலேயே பைசாந்திய வரலாற்றாசிரியர் புரோகோப்பியஸ் குறித்து வைத்திருக்கிறார். 1679இல் இஸ்தான்புல்லுக்கு வந்த லூயிஜி மார்சிலி என்ற இருபத்தோரு வயது இத்தாலியரும் துருக்கிய மீனவர்களிடம் இதைக் கேட்டறிந்தார். வெள்ளை பூசிய தக்கைகளைக் கயிற்றில் கோத்துக் கீழே விட்டார். ஆழத்தில் கயிறு வளைந்து எதிர்ப்பக்கம் போயிற்று. பிறகு ஒரு தொட்டியை நடுவே தடுத்து, ஒரு பக்கம் உப்பு மிகுந்த நீர், மறுபக்கம் உப்பு குறைந்த நீர் நிரப்பி, தடுப்பின் மேலும் கீழும் துளை திறந்தார். கனத்த நீர் கீழ்த்துளை வழியாகவும் லேசான நீர் மேல்துளை வழியாகவும் ஒன்றையொன்று கடந்து போயின. 1681இல் அவர் வெளியிட்ட நூலைக் கடலியலின் தொடக்கங்களில் ஒன்றாகச் சொல்வார்கள். சொல்லிக்கொடுத்த மீனவர்களில் ஒருவர் பெயரும் நமக்கு வந்து சேரவில்லை.

ரஷ்யா கிரிமியாவை இணைத்துக்கொண்ட 1783க்குப் பிறகு அளவைக் கப்பல்களின் காலம். கிரிமியப் போரில் பிரிட்டிஷ் கடற்படையும் அந்தக் கரைக்கு வந்து சேர்ந்தது. பாலக்லாவா துறை மலைகளுக்கிடையே ஒடுங்கிய சந்து; உள்ளே இடமில்லாமல் பல கப்பல்கள் வெளியே ஆழ்கடலில் நங்கூரமிட்டு நின்றன. 1854 நவம்பர் 14ஆம் தேதிப் புயலில் அவற்றில் பல பாறையில் மோதி நொறுங்கின. படைவீரர்களுக்கான குளிர்கால உடைகளோடு 'பிரின்ஸ்' என்ற கப்பல் மூழ்கியது. அந்தக் குளிர்காலத்தில் வீரர்கள் பட்ட பாடு ஊரறிந்தது. அந்தப் புயல் வந்த பாதையை ஆராய்ந்த பிரெஞ்சு வானியலாளர் லெவெரியே, தந்திவழிப் புயல் எச்சரிக்கைக்கு அடித்தளம் போட்டார். பிரிட்டிஷ் கடற்படையின் கருங்கடல் வழிநூல் இன்றும் புதுப்பதிப்பு காண்கிறது.

இத்தனை நூல்களும் கரையைப் பற்றியே பேசுவதால், பழங்கால மாலுமிகள் கரையை ஒட்டியே ஊர்ந்தார்கள் என்று பலர் எழுதிவிட்டார்கள். 2018இல் அறிவிக்கப்பட்ட ஒரு கண்டுபிடிப்பு அதை மறுபடி யோசிக்க வைக்கிறது. பல்கேரியக் கரையிலிருந்து எட்டத்தில், 2,000 மீட்டருக்கும் கீழே, 23 மீட்டர் நீளக் கிரேக்க வணிகக் கப்பல் கிடக்கிறது; வயது ஏறத்தாழ 2,400 ஆண்டு. பாய்மரம் நிற்கிறது, சுக்கான் இருக்கிறது, துடுப்புப் போடுவோர் உட்காரும் பலகையும் இருக்கிறது. சுமார் 150–200 மீட்டருக்குக் கீழே கருங்கடலில் ஆக்சிஜன் இல்லாததால் மரம் தின்னும் உயிர்கள் அங்கே பிழைப்பதில்லை. துணிந்து நடுக்கடலுக்குப் போனவர்களும் இருந்தார்கள், நூல் அவர்களைச் சொல்லவில்லை. நடுவழியில் வடகரை முனையும் தென்கரை முனையும் ஒருசேரத் தெரியும் என்று மாலுமிகள் சொன்னதாகக் கிரேக்கப் புவியியலாளர் ஸ்டிராபோ எழுதியிருப்பதையும் இதோடு வைத்துப் படிக்கலாம்.

நீல் ஆஷர்சனின் 'கருங்கடல்' (1995), சார்ல்ஸ் கிங்கின் வரலாறு (2004) ஆகியவை நல்ல நூல்கள். முதலாவதில் கரையோர மக்களின் மீது உண்மையான அன்பு இருக்கிறது. இரண்டுக்கும் மையம் மக்களும் அரசுகளும். வழிநூல்களை மட்டும் வரிசையாக எடுத்து, ஒரே துறையை ஒவ்வொன்றும் எப்படிச் சொல்கிறது என்று ஒப்பிடும் வேலை இன்னும் நிறைய மிச்சம். பாம்புத் தீவு அதற்குப் பொருத்தமான இடம். அரியன் அதைக் கிரேக்க வீரன் அக்கிலீஸின் தீவு என்கிறார். கடற்பறவைகள் சிறகை நனைத்து வந்து அங்கிருந்த அவன் கோயிலின் தரையைப் பெருக்கும் என்று கேள்விப்பட்டதை எழுதுகிறார். 2009இல் சர்வதேச நீதிமன்றம் ருமேனியாவுக்கும் உக்ரைனுக்கும் கடல் எல்லை வகுத்தபோது இதே தீவை எவ்வளவு கணக்கில் எடுப்பது என்று வாதம் நடந்தது. 2022இல் ரஷ்ய–உக்ரைன் போரில் அங்கேயும் சண்டை நடந்தது.

அந்தப் போர் தொடங்கியதிலிருந்து மிதக்கும் கண்ணிவெடிகள் கடலில் அலைகின்றன. அவற்றை அகற்ற 2024 ஜனவரியில் துருக்கி, ருமேனியா, பல்கேரியா மூன்றும் கூட்டு அணி அமைக்க ஒப்பந்தம் செய்தன. மிதக்கும் வெடி இங்கே தெரிந்தது, இந்தப் பகுதிக்குப் போகாதே என்று மாலுமிகளுக்கு வானொலியில் வரும் அறிவிப்புகளும் கரைநூல்தான். ஆனால் ஆபத்து நீங்கியதும் அவை ரத்தாகிவிடும். இன்றைய கருங்கடலை நாளை எழுதப்போகிறவர்களுக்காக அந்த அறிவிப்புகளை யாராவது இப்போதே சேர்த்து வைக்க வேண்டும்.